கைதட்டத் தெரிந்தவர்கள்

2018 ஆகஸ்ட் கடைசியில் ஜகார்த்தாவில் இந்தியா வாங்கிய ஒரு வெண்கலம் எந்தப் பட்டியலிலும் ஏறவில்லை. குஜராத்தின் பூஜ் ஊரைச் சேர்ந்த தீர்த் மேத்தா, ஹார்த்ஸ்டோன் என்கிற கணினிச் சீட்டு விளையாட்டில் மூன்றாவதாக வந்தார். அங்கே நடந்த ஆசியப் போட்டியில் ஈ-ஸ்போர்ட்ஸைக் காட்சிப் போட்டியாகத்தான் சேர்த்திருந்தார்கள். ஆட்டம் உண்டு, மேடை உண்டு, பதக்கமும் கழுத்தில் விழும். நாட்டுக் கணக்கில் மட்டும் விழாது. தங்கம் ஹாங்காங்குக்குப் போனது. வெள்ளி வாங்கிய ஹென்ட்ரி ஹாண்டிசூர்யா இந்தோனேசியர். கிளாஷ் ராயல் ஆட்டத்தில் இன்னொரு இந்தோனேசியர், ரிடெல் சுமாரண்டாக், தங்கமே வாங்கினார்.

மேத்தாவோடு மேடையில் நின்றவர்களுக்கு அவர் எதைத் தாண்டி வந்தார் என்று தெரியும். அவர்களும் அதே சீட்டுகளைக் கையில் வைத்துக்கொண்டு ராத்திரி ராத்திரியாக உட்கார்ந்தவர்கள். இந்தியாவிலோ அவர் வென்றது என்ன என்று சொல்லிப் புரியவைக்கவே ஒரு பத்தி வேண்டியிருந்தது. நானும் இப்போது ஒரு பத்தி செலவழித்துவிட்டேன்.

அதே ஜகார்த்தாவில், செப்டம்பர் 1 அன்று, கணக்கில் ஏறிய ஒரு தங்கமும் வந்தது. பிரிட்ஜ் இரட்டையர் பிரிவில் 60 வயது பிரணாப் பர்தனும் 56 வயது ஷிப்நாத் சர்க்காரும் வாங்கினார்கள். பிரிட்ஜ் ஆசியப் போட்டிக்குள் நுழைந்ததே இந்தோனேசியர்களால்தான். ஜாரும் கிராம்புச் சிகரெட் கம்பெனிக் குடும்பத்தின் மைக்கேல் பாம்பாங் ஹார்தோனோ அதற்காகப் பாடுபட்டவர். அந்த நாட்டின் பெரும் பணக்காரர்களில் ஒருவர். அவரே 78 வயதில் ஆடி, அணிப் பிரிவில் வெண்கலம் வாங்கினார். பணக்காரர் ஆசைக்கு ஒரு விளையாட்டா என்று முகம் சுளிக்கலாம்தான். ஆனால் அந்த ஆசை இல்லாவிட்டால் வங்காளத்து இரண்டு பெரியவர்களுக்கு அந்த மேடை கிடைத்திருக்காது. இங்கே செய்தி வந்தபோது, "சீட்டாட்டத்துக்கா தங்கம்?" என்று கேட்டவர்கள் உண்டு. சூதாட்டம் வேறு, பிரிட்ஜ் வேறு என்று விளக்கும் வேலையும் ஜெயித்தவர்கள் தலையிலேயே விழுந்தது.

இதையெல்லாம் இப்போது யோசிக்க வைத்தவன் எங்கள் தெருப் பையன் ஒருவன். எங்கள் ஊரான கலசப்பாக்கம் போளூருக்கும் திருவண்ணாமலைக்கும் நடுவில் செய்யாற்றங்கரையில் இருக்கிறது. ரதசப்தமிக்கு அண்ணாமலையார் தீர்த்தவாரிக்கு வந்து போவார்; அன்றைக்குத்தான் ஊர் நிறையும். மற்ற நாளெல்லாம் விவசாயம், கொஞ்சம் தறி, விடிகாலையில் செய்யாறு சிப்காட்டுக்குப் போகும் கம்பெனி பஸ். பையனின் அப்பா கூலிக்குத் தறி நெய்கிறவர். ஆரணி முதலாளி பாவும் ஊடையும் ஜரிகையும் கொடுப்பார். இவர் நெய்து கொண்டுபோய்க் கொடுப்பார். பையன் தறியில் உட்காரவில்லை. ஷூ கம்பெனிக்குப் போகிறான். ராத்திரி வந்து கிளாஷ் ஆஃப் கிளான்ஸ் ஆடுகிறான்.

அவன் சேர்ந்திருக்கும் கிளானில், அதாவது குழுவில், பாதிக்கு மேல் இந்தோனேசியர்கள். ஒரு கிளானில் 50 பேர் வரை இருக்கலாம். யாரோ எப்போதோ அனுப்பிய அழைப்பில் உள்ளே போனவன், அங்கேயே தங்கிவிட்டான். ஒரு ராத்திரி அவன் ஆட்டத்தின் உச்சப் படியான லெஜண்ட் லீகுக்கு ஏறினான். இங்கே பதினொரு மணி என்றால் ஜாவாவில் பன்னிரண்டரை, மக்காசரில் ஒன்றரை. அந்த நேரத்திலும் அரட்டைப் பெட்டி நிரம்பி வழிந்தது. ஸலாமத், மந்தாப், கேஸ் என்று அவர்கள் பாஷையில் வாழ்த்துகள் வரிசையாக விழுந்தன. பையனுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. தறிமேடைப் பக்கம் படுத்திருந்த அப்பா எழுந்துவிட்டார்.

"இன்னாடா அது, ராத்திரியில சிரிக்கிற?"

"லெஜண்ட் ஏறிட்டேன் நைனா."

"யாரு சொன்னா?"

"இந்தோனேசியாக்காரன் எல்லாம் சொல்றான், பாரு."

"அவனுக்கு இன்னாடா வந்தது?"

இதை மறுநாள் அவனே என்னிடம் சொல்லிச் சிரித்தான். எனக்கு அந்தக் கடைசிக் கேள்வி மனசில் உட்கார்ந்துவிட்டது. சொந்தக்காரன் இல்லை, ஊர்க்காரன் இல்லை, பணம் வராது, முகம்கூடத் தெரியாது. அவனுக்கு என்ன வந்தது?

அந்த ஆட்டத்தின் உள்வேலை தெரிந்தால் பதில் கொஞ்சம் தெளியும். கிளான் போர் என்றால் ஒருநாள் தயாரிப்பு, ஒருநாள் சண்டை. ஒவ்வொருவருக்கும் இரண்டே தாக்குதல். ஒரு தாக்குதல் மூன்று நிமிஷம். அதற்குள் எதிராளியின் ஊரை மொத்தமாக அழித்தால் மூன்று நட்சத்திரம். படையை இறக்கிவிட்டால் பிறகு கையால் நகர்த்த முடியாது. எங்கே, எந்த வரிசையில், எந்த நொடியில் இறக்கினோம் என்பதுதான் எல்லாம். முடிந்ததும் அந்த மூன்று நிமிஷமும் ரீப்ளேயாகக் கிடைக்கும். கிளானில் யார் வேண்டுமானாலும் போட்டுப் பார்க்கலாம். பையன் காட்டினான். சுரபாயாக்காரன் ஒருவன் ரீப்ளேயைப் பார்த்துவிட்டு, வலது மூலையில் சுவர் உடைப்பவர்களைப் பத்து நொடி முன்னால் விட்டிருக்கலாம் என்று உடைந்த இங்கிலீஷில் எழுதியிருந்தான். வாழ்த்துக்கு அடுத்த வரியிலேயே அது இருந்தது. பையனுக்கு வாழ்த்தைவிட அந்த வரிதான் பிடித்திருந்தது என்று நினைக்கிறேன். அதைத்தான் முதலில் காட்டினான்.

அவன் அப்பா ஆரணியில் சேலையைக் கொண்டுபோய்க் கொடுப்பதை ஒருமுறை அவரோடு போய்ப் பார்த்திருக்கிறேன். கணக்குப்பிள்ளை சேலையைப் பாயில் விரிக்கிறார். மேல்பக்கத்தைப் பார்ப்பதில்லை, புரட்டிப் போடுகிறார். கரையும் உடலும் சேரும் இடத்தில் விரலை வைத்து ஓட்டிக்கொண்டே போகிறார். ஊடை எங்கே தளர்ந்தது, இழை அறுந்து எங்கே முடிச்சு விழுந்தது, பலகையை எங்கே ஓங்கி அடித்தார் என்பதெல்லாம் பின்பக்கத்தில் எழுதி வைத்த மாதிரி இருக்கும். அன்றைக்குப் பாவு வாங்க வந்து திண்ணையில் காத்திருந்த இன்னொரு நெசவாளி எட்டிப் பார்த்து, "கரை நல்லா உக்காந்துக்குதுபா" என்றார். அவ்வளவுதான். பஸ்ஸில் திரும்பி வரும்போது பையனின் அப்பா அதை இரண்டு தடவை சொன்னார். கூலி எவ்வளவு வந்தது என்று ஒரு தடவையும் சொல்லவில்லை. அந்தச் சேலையைக் கல்யாணத்தில் கட்டப்போகும் பெண் அழகாக இருக்கிறது என்பாள், விலை கேட்பாள். சேலையைப் புரட்டிப் பார்க்க மாட்டாள். பார்க்க வேண்டிய அவசியமும் அவளுக்கு இல்லை.

அதனால் மகனுடைய இந்தோனேசியாக்காரனை இந்த ஊரில் வேறு யாருக்குப் புரியாவிட்டாலும் அவருக்குப் புரிந்திருக்க வேண்டும். புரியவில்லை. திரையில் தெரிவது விளையாட்டு என்பதே அவருக்கு முன்னால் சுவராக நிற்கிறது.

இந்தத் தீவுக்காரர்களுக்கும் நம் பக்கத்துத் துணிக்கும் ஒரு பழைய பாத்தியதை உண்டு. டச்சுக் கம்பெனி 1613-ல் பழவேற்காட்டில் கெல்ட்ரியா கோட்டையைக் கட்டியது நம் மிளகுக்காக இல்லை. மொலுக்கஸ் தீவுகளில் கிராம்பும் ஜாதிக்காயும் வைத்திருந்தவர்கள் சோழமண்டலத் துணியைக் கேட்டார்கள். அதைக் கொடுத்தால்தான் சரக்கு வசதியாகக் கிடைத்தது. அதுவும் எந்தத் துணியும் செல்லாது. ஒவ்வொரு தீவுக்கும் ஒரு நிறம், ஒரு கட்டம், ஒரு கரை. மாதிரித் துண்டுகளைக் கப்பலில் கொண்டுவந்து இதேபோல் வேண்டும் என்று இங்கே நெசவாளிகளுக்குக் காட்டியிருக்கிறார்கள். மாறிப்போனால் அங்கே விற்காது. நம் நெசவாளி நேரில் பார்த்தே இராத, கடலுக்கு அப்பால் இருந்த ஒரு கண்தான் அவன் துணி தேறுமா என்று சொல்லியிருக்கிறது. நம்மூர் ஆவணங்களில் நெசவாளியின் வரியைப் பற்றித் தேடலாம், கடனைப் பற்றித் தேடலாம். தன் துணியைத் தூர தேசத்தில் ஒருவன் தடவிப் பார்த்து, ஆமாம் இதுதான் என்றபோது அவனுக்கு என்ன இருந்தது என்பதை எங்கே போய்த் தேடுவது?

விளையாட்டுப் பலகையிலும் உறவு உண்டு. நம் பல்லாங்குழி அங்கே டாக்கோன், சொங்க்ளாக். பக்கத்துக்கு ஏழு குழி. அவர்கள் ஓரத்தில் களஞ்சியம் மாதிரி இரண்டு பெரிய குழி கூடுதலாக வைத்திருப்பார்கள். ஆடுபுலி ஆட்டத்துக்கும் ஜாவாவில் ஒரு தம்பி இருக்கிறது. இதைப் பெரிதாக எடுத்துக்கொண்டு கலாசாரப் பாலம் என்று எழுத எனக்கு விருப்பம் இல்லை. எங்கள் தெருப் பையனும் சுரபாயாக்காரனும் பல்லாங்குழி ஆடியதில்லை.

சதுரங்கத்துக்கு வரலாம், அங்கே கதை சுவாரசியமானது. கிராண்ட்மாஸ்டர் பட்டத்தில் இந்தோனேசியா நமக்குப் பத்து வருஷம் மூத்தது. ஹெர்மன் சுரதிராஜா 1978-ல் வாங்கினார். இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டராக விஸ்வநாதன் ஆனந்த் வந்தது 1988-ல், 18 வயதில். கோயம்புத்தூரில் நடந்த சக்தி ஃபைனான்ஸ் போட்டியில் அந்தப் பட்டம் உறுதியானது. ஆனந்தின் சாதனையைப் பார்க்கத் தெரிந்த ஆட்கள் இங்கே சில பேராவது இருந்தார்கள் என்றால் அதற்குக் காரணம் மானுவேல் ஆரோன். 1961-லேயே இந்தியாவின் முதல் சர்வதேச மாஸ்டர் ஆனவர். சென்னை சோவியத் கலாசார மையத்தில் 1972-ல் தொடங்கிய தால் சதுரங்க மன்றம் அவர் காலடி பட்ட இடம். ஆனந்த் பையனாக அங்கே போய் ஆடினார். ஒரு அறை, சில பலகைகள், தோற்றவனை எழுப்பிவிட்டு ஜெயித்தவன் தொடர்ந்து உட்காரும் வழக்கம். அங்கே சுற்றி நின்று பார்த்தவர்கள்தான் தமிழ்நாட்டின் முதல் சதுரங்கக் கூட்டம். 2022-ல் மாமல்லபுரம் ஒலிம்பியாடுக்காக நேப்பியர் பாலத்துக்குக் கறுப்பும் வெள்ளையுமாகக் கட்டம் அடித்தார்கள். படம் எடுத்துக்கொள்ள நன்றாகத்தான் இருந்தது. ஆனால் குகேஷையும் பிரக்ஞானந்தாவையும் வைஷாலியையும் ஊர் இன்று தோளில் தூக்கிக்கொள்கிறது என்றால், அது பெயின்ட் செய்த வேலை கிடையாது. ஆரோன் தலைமுறை ஐம்பது வருஷத்துக்கு முன்னால் அந்த அறையில் செய்த வேலை.

கூட்டம் பெரிதாக இருந்தால் போதும் என்பவர்களுக்கு இந்தோனேசியாவிலேயே ஒரு எதிர்க்கதை இருக்கிறது. 2021 மார்ச்சில் நியூயார்க்கைச் சேர்ந்த சர்வதேச மாஸ்டர் லெவி ரோஸ்மன் இணையத்தில் நேரலையாக ஆடிக்கொண்டிருந்தபோது, 'தேவா கிபாஸ்' என்ற பெயரில் ஆடிய ஒருவரிடம் தோற்றார். அந்தப் பெயருக்குப் பின்னால் இருந்தவர் தாடாங் சுபுர் என்ற வயதான இந்தோனேசியர். ஆட்டம் கணினி ஆடுவது மாதிரி இருந்ததால் தளத்தார் கணக்கை மூடினார்கள். நம்ம தாத்தாவை வெள்ளைக்காரன் அவமானப்படுத்திவிட்டான் என்று லட்சக்கணக்கான இந்தோனேசியர்கள் ரோஸ்மன் மேல் பாய்ந்தார்கள். வசவும் மிரட்டலும் தாங்காமல் அவர் தன் பக்கங்களைக் கொஞ்சநாள் மூடி வைக்க வேண்டியதாயிற்று. அந்தக் கூட்டத்தில் எத்தனை பேர் அந்த ஆட்டத்தை நகர்த்தல் நகர்த்தலாக எடுத்துப் பார்த்திருப்பார்கள்? தங்கள் ஆள் ஜெயித்தார் என்பது மட்டும் போதுமாக இருந்தது. அது பாசம்தான், இல்லை என்று சொல்ல மாட்டேன். பார்வை அதில் இல்லை.

அப்போது இரினே கரிஸ்மா சுகந்தர் பேசினார். சிறுவயதிலிருந்து பலகை முன்னால் வளர்ந்தவர், நாட்டின் முன்னணிப் பெண் ஆட்டக்காரர், சர்வதேச மாஸ்டர். இந்த ஆட்டத்தில் நியாயம் என்றால் என்ன என்று தெரியாமல் கொண்டாடுவது இந்தோனேசியச் சதுரங்கத்துக்கே கெட்ட பெயர் என்று வெளிப்படையாகச் சொன்னார். சொந்த நாடே ஒருபக்கம் நிற்கும்போது மறுபக்கம் போய் நிற்பது லேசான காரியமா? தொலைக்காட்சிப் பிரபலம் டெடி கோர்புசியர் மார்ச் 22 அன்று இரினேயையும் தாடாங்கையும் நேருக்கு நேர் உட்கார வைத்தார். சூசாந்தோ மெகாராந்தோ என்ற கிராண்ட்மாஸ்டரும் செல்சி மோனிக்காவும் நகர்த்தல் நகர்த்தலாக விளக்கம் சொன்னார்கள். இரினே மூன்று ஆட்டத்தையும் ஜெயித்தார். ஒரே நேரத்தில் 12.5 லட்சம் பேர் பார்த்துக்கொண்டிருந்தார்கள். சதுரங்க நேரலைக்கு அதுவரை எங்கும் வராத கூட்டம்.

எனக்கு இதில் பிடித்தது அந்த எண் கிடையாது. கோபத்தோடு வந்து உட்கார்ந்த கூட்டம், பெரியவர் தடுமாறியதும் என்ன தப்பு நடந்தது என்று விளக்கம் கேட்டபடி மூன்று ஆட்டம் முழுக்க உட்கார்ந்திருந்ததுதான். தால் மன்றத்தின் அறையில் வருஷக்கணக்கில் நடந்த வேலையில் ஒரு சிட்டிகை அந்த ஒரே நாளில் நடந்தது. நம்மூரில் ஒரு பெண் ஆட்டக்காரர், ஊர் கொண்டாடும் ஒருவரைத் தவறு என்று சொல்லியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று நினைத்துப் பார்க்கிறேன். மேலே எழுத வேண்டாம்.

செல்போன் ஆட்டங்களில் நாமும் அவர்களும் பக்கத்தில் பக்கத்தில் இருந்த காலம் ஒன்று உண்டு. 2020 ஆகஸ்டில் பப்ஜி மொபைல் வேர்ல்டு லீக் கிழக்குப் பிரிவு நடந்தது. கொரோனாவால் அவரவர் இடத்திலிருந்தே ஆடினார்கள். இந்தோனேசியாவின் பிகெட்ரான் அணி முதலிடம். இந்தியாவின் ஆரஞ்ச் ராக் இரண்டாமிடம். ஒரு மாசம்கூட ஆகவில்லை, செப்டம்பர் 2 அன்று இந்திய அரசு பப்ஜியைத் தடை செய்தது. எல்லையில் சீனாவோடு மோதல் நடந்த சமயம் அது; தரவுப் பாதுகாப்பு சொல்லப்பட்ட காரணம். அவற்றை நான் லேசாகச் சொல்லவில்லை. அடுத்த வருஷம் பிஜிஎம்ஐ என்ற பெயரில் இந்தியாவுக்கு மட்டும் என்று அது திரும்பி வந்தது. ஃப்ரீ ஃபயர் 2022 பிப்ரவரியில் போனது. மறு வருஷம் தோனியை 'தல' என்ற பெயரில் ஒரு பாத்திரமாகவே உள்ளே வைத்து இந்தியப் பதிப்பு வரும் என்று அறிவித்தார்கள், தேதி தள்ளிப்போனது. இந்தத் தடைகளால் சம்பாத்தியம் இழந்தவர்கள் பற்றிப் பேச்சு நடந்தது. கூட ஆடியவர்களை ஒரே ராத்திரியில் இழந்தவர்கள் பற்றி யாரும் பேசவில்லை. அதற்கு ஒரு மனு எழுதவும் முடியாது.

தமிழ்நாட்டில் இன்னொரு சிக்கல். ஆன்லைன் ரம்மியில் பணத்தைத் தொலைத்துவிட்டு உயிரை விட்டவர்களின் செய்தி இங்கே வாராவாரம் வந்த காலம் இருந்தது. 2023-ல் ஆன்லைன் ரம்மியையும் போக்கரையும் தடை செய்யும் மாநிலச் சட்டம் வந்தது. அந்த நவம்பரிலேயே ரம்மியும் போக்கரும் திறமை ஆட்டங்கள் என்று சொல்லி, அந்தப் பகுதியை மட்டும் சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றம் பணம் வைத்து ஆடும் ஆன்லைன் விளையாட்டுகளையே தடை செய்தது. அதே சட்டம் ஈ-ஸ்போர்ட்ஸை விளையாட்டாக அங்கீகரிக்கிறது. வக்கீல்களுக்கு இந்த வித்தியாசம் புரியும். எங்கள் தெருவில் போன் ஆட்டம் என்றால் போன் ஆட்டம்தான். பையனின் அம்மாவுக்கு அவன் லெஜண்ட் ஏறிய ராத்திரி வந்த முதல் பயம், எவ்வளவு கட்டினான் என்பதுதான். அந்தப் பயத்தைக் குறை சொல்ல எனக்கு வாய் வராது. சுயஉதவிக் குழுக் கடனை வாரம் தவறாமல் கட்டிக்கொண்டிருக்கிறவர் அவர்.

அப்பாவின் கேள்விக்குத் திரும்பினால், சுரபாயாக்காரனுக்கு என்ன வந்தது என்பதற்கு என்னிடம் இருப்பது பாதிப் பதில். திண்ணையில் காத்திருந்த அந்த நெசவாளிக்கு என்ன வந்ததோ அது வந்தது. அடுத்தவன் கரை நன்றாக உட்கார்ந்திருப்பதைச் சொல்ல முடிகிறது என்பதில் அவருடைய நாற்பது வருஷமும் வெளியே வந்து நிற்கிறது. மீதிப் பாதி எனக்குத் தெரியாத ஏதோ ஒன்று. அது இந்தோனேசியர்களிடம் கொஞ்சம் தாராளமாகவே இருக்கிறது. யார் எதைச் செய்தாலும் கூட்டமாக வந்து சத்தம் போடுகிறார்கள். தேவா கிபாஸ் விஷயத்தில் அதுவே வினையானது. பையன் விஷயத்தில் அது ஒரு ராத்திரியை நல்ல ராத்திரியாக்கியது.

பையனைச் சமீபத்தில் கம்பெனி பஸ் நிற்கும் இடத்தில் பார்த்தேன். கிளானில் அவனை உதவித் தலைவராக ஆக்கிவிட்டார்களாம். இப்போது மற்றவர்கள் ஏறும்போது வாழ்த்துச் சொல்வதும் ரீப்ளே பார்ப்பதும் அவன் பொறுப்பு. மக்காசர் பையன் ஒருவன் முந்தின ராத்திரி லெஜண்ட் ஏறியிருக்கிறான். இவன் ஸலாமத் என்று போட்டுவிட்டு, இரண்டு தடவை ஓட்டிப் பார்த்திருக்கிறான்.

"மூணு ஸ்டார்தான் மாமா, ஆனா ஹீலரை ரொம்ப முன்னாடியே விட்டுட்டான். ஏர் டிஃபென்ஸ் அப்போ அப்படியே நிக்குது, அதைக் கண்டுக்கவே இல்ல. நல்லவேளை, எதிராளி ஊரைச் சரியா அமைக்கல. சொன்னேன், ஒத்துக்க மாட்றான்" என்றான். பஸ் வந்துவிட்டது. ஏறி, ஜன்னல் பக்கம் உட்கார்ந்து, ஒத்துக்கொள்ளாதவனுக்கு எழுதிக்கொண்டே போனான்.